நாலாவது பேரு

"டோக்கன் நம்பர் பத்தொம்பது"ன்னு கிளார்க்கு மைக்ல கூப்பிட்டதும் டெல்பின் கர்டோசா தன் கையில இருந்த இருபத்தேழ இன்னொருக்கா பாத்தா, பாக்கப் பாக்கக் குறைஞ்சிரும்ங்கிற மாதிரி. அதுதான் கடைசி டோக்கன். ஆளுக்கு மூணு நிமிசம்னு சொல்லியிருக்கு, ஆனா சாந்தகுரூஸ்ல எவன் மூணு நிமிசத்துல வாய மூடியிருக்கான், இந்த ஊர்க்காரனுவ குழிக்குள்ள எறக்கும்போதுகூட ஒரு வார்த்தை கூட்டிச் சொல்லிட்டுத்தான் எறங்குவானுவ. சாந்தகுரூஸ். அந்தப் பேரச் சொன்னாலே மண்டபத்துல பாதிப் பேருக்கு நெஞ்செரியும். போர்ச்சுகல்காரன் சிலுவையோட வந்து எறங்கி வச்ச பேரு, ரயில்வே ஸ்டேசன்லயும் ரேஷன் கார்டுலயும் அதுதான் இருக்கு. தர்காவச் சுத்தியிருக்கிற நாலு தெருவுக்கு இது பாவாத்துறை, அரபிக்கப்பல்ல வந்த பாவா அடங்கின எடம். கடைத்தெருவுக்கு முத்தீஸ்வரபுரம், சிவன் கோயில் பேருல. நடுவுல டச்சுக்காரன் வந்து ஒரு பண்டகசாலையக் கட்டுனான், டேனிஷ்காரன் அதுல கொஞ்ச நாள் உப்பக் கொட்டி வச்சான், வெள்ளைக்காரன் அதையே ஜெயிலாக்கிட்டுப் போனான். அவனுவளும் ஆளுக்கொரு பேரு வச்சிருப்பானுவ, நல்லவேளை அவனுவளுக்கு இன்னைக்கு டோக்கன் குடுக்கல. ஊருக்கு ஒரே பேரா முடிவு பண்ணுற கூட்டத்தக் கோயில் மண்டபத்துல வச்சா பாய்மாரு வரமாட்டாவ, ஜமாத் ஹால்ல வச்சா அண்ணாச்சிமாரு வரமாட்டாவ, பங்குச் சாமியார் ஹால்ல வச்சா ரெண்டு பேரும் வரமாட்டாவ, அதனால இந்தக் கல்யாண மண்டபம். நேத்து நடந்த கல்யாணத்தோட தெர்மாகோல் எழுத்து இன்னும் மேடைக்குப் பின்னால ஒட்டிக் கெடக்கு, மாப்பிள்ளை பேரு முழுசா இருக்கு, பொண்ணு பேருல பாதி உதிந்துபோச்சு. அதுக்குக் கீழ ஆர்.டி.ஓ உக்காந்து பேனா மூடியால காது குடையுதாரு. எவளோ ஒருத்தி பேரு பாதி போனத எவனும் கேக்கல, பந்தல் பிரிச்சவன் வாசல்ல நின்ன வாழைத்தாரோட போயிருப்பான், அவ என்னவா இருந்தா, மஞ்சுவா மஞ்சுளாவா, சவம், இப்ப அதுவா முக்கியம், முக்கியமானது அந்த ஸ்டூல். அதப் பாக்கக் கூடாதுன்னு காலையில இருந்து டெல்பின் கண்ண அங்கிட்டும் இங்கிட்டும் மேய விடுதா, ஃபேன்ல, சுவர்ல பல்லி மேல, முன்னால உக்காந்திருக்கிறவன் காலர் அழுக்குல, ஆனா கண்ணு கழுதை மாதிரி சுத்திச்சுத்தி அங்கதான் போய் நிக்குது. ஆர்.டி.ஓவுக்கு வலப்பக்கம், மர ஸ்டூல் மேல, நீலப்பட்டு போத்தி, மாதா பெட்டி.

பத்தொம்பது கோமதிநாயகம் அண்ணாச்சி. ஹார்டுவேர்ஸ் கடைக்காரரு, கோயில் கமிட்டித் தலைவரு, நெத்தி நெறைய பட்டை. "நாங்க விட்டுக்கொடுக்கோம்"னு ஆரம்பிச்சாரு, எல்லாவனும் அப்படித்தான் ஆரம்பிக்கான், "பெருந்தன்மையோட விட்டுக்கொடுக்கோம், ஆனா சத்தியத்த ஒருக்கா சொல்லிட்டு விட்டுக்கொடுக்கோம்"னு செப்பேட்டத் தூக்கிக் காட்டுனாரு. ஆயிரம் வருசத்துச் செப்பேடாம். முக்குல ஓட்டை போட்டிருக்கு பாரு, கம்பஸ் வச்சு வரைஞ்ச மாதிரி வட்டம், பிசிறு இல்ல, அவரு கடையில நூத்தியெட்டு ரூவாய்க்கு விக்கிற டிரில் பிட்டுல போட்டதுதான அது, ஆயிரம் வருசத்துக்கு முந்தி முத்தீஸ்வரர் கரண்ட் கனெக்சன் வாங்கி வச்சிருந்தாரா. போன மாசம் இதையே டெல்பின் அவரு கடைவாசல்ல வச்சே கேட்டா, "பொட்டப்பிள்ளைக்கு நாக்கு நீளமாயிருந்தா மாமியா வீட்டுல அறுத்து உப்புல போடுவா"ன்னாரு, "உங்க வீட்டுல யாருக்கு அறுத்தாவ அண்ணாச்சி, உங்களுக்கா"ன்னு கேட்டுட்டு வந்தா. இவரு மட்டுமா. ஜமாத்துல இருந்து ஒரு வரைபடத்த ஃபிரேம் போட்டுக் கொண்டாந்திருக்காவ, நெட்ல இருந்து எடுத்தது, ஓரத்துல வெப்சைட் பேர வெட்ட மறந்துட்டாவ. நம்ம ஆளுவ அதவிட மோசம், ஊர்க் கமிட்டித் தலைவரு லூர்து மிராந்தா ஒரு பாதிரியாரு கடுதாசிய வச்சுக்கிட்டு ஆடுதாரு, போர்ச்சுகீஸ்ல இருக்கு, கோவாவுல ஓட்டல் வேலை பாக்குற அவரு மச்சினன் மகன் தமிழாக்கினதாம், அவனுக்குத் தமிழே சரியா வராது. ஏல, உங்கள்ல ஒருத்தனுக்காவது வெக்கம் இருக்கா. இப்படித் திட்டிக்கிட்டே வந்த டெல்பினோட மனசு, கட்டை தட்டின வள்ளம் மாதிரி சட்டுன்னு நின்னுது. ஒனக்கு இருக்கா, ஏட்டி? அவனுவ செஞ்சத எவனும் நம்பல. நீ செஞ்சதத்தான் ஊரே நம்பிக்கிட்டு உக்காந்திருக்கு.

இருபது, இருபத்தொண்ணு. யாரோ பேசுதாங்க, காதுல விழல. உப்புப் பாக்கெட்டுதான் கண்ணுல நிக்குது. காலேஜ் கேண்டீன், போன செப்டம்பர், எம்.ஏ. வரலாறு ரெண்டாம் வருசம், எதிர்ல மொகுதூம். அந்தா ரெண்டு வரிசைக்கு முன்னால உக்காந்திருக்கான் பாரு, அதே செரைச்ச கழுத்து, திரும்பிக்கூடப் பாக்கமாட்டான், வாப்பாவுக்கு அடங்கின பிள்ளை மாதிரி. மூணு வருசமா அவன்கிட்ட சண்ட போடாத நாளு கெடையாது. அன்னைக்கு அவன்தான் எடுத்தான், "கர்டோசான்னு பேர வச்சுக்கிட்டு நீ ஊருப் பேரப் பத்திப் பேசுத, ஒன் பேரே கடன் வாங்கினது." இவ விடுவாளா, "உங்க பாவா மட்டும் என்ன இங்க கெழங்கு மாதிரி முளைச்சாரா, அவரும் கப்பல்ல எறங்கினவருதான"ன்னா. "சரி வரலாறு மேடம், எல்லாவனும் எறங்குறதுக்கு முந்தி இது என்ன ஊரு, சொல்லு பாப்பம்." தெரியல. எவனுக்கும் தெரியாது. தெரியாதுன்னு சொல்லியிருக்கலாம், நாலு எழுத்து, சொல்லியிருந்தா இன்னைக்கு இந்த டோக்கன் இல்ல, இந்த ஸ்டூல் இல்ல. ஆனா அவன் சிரிச்சான். ஒரு பக்கமா, வாய்க்குள்ள பாக்கு இருக்கிற மாதிரி. மேசையில ஆழி உப்புன்னு பாக்கெட்டு. "ஆழித்துறை. அதான் பேரு. போ." "அது உப்புப் பாக்கெட்டு, டெல்பினு." "உப்புக்காரன் பேர எங்கேர்ந்து எடுத்தான்னு நெனச்ச, இங்கேர்ந்துதான்." அவன் வயித்தப் பிடிச்சுக்கிட்டு சிரிச்சான், அந்தச் சிரிப்ப நிறுத்துறதுக்காகவே டிபார்ட்மென்ட் செமினார்ல அதையே கட்டுரையா வாசிச்சா. வாசிச்சு முடிச்சதும் புரொபசரு கண்ணாடியத் தூக்கிவிட்டு, "ஆதாரம் எங்கம்மா?"ன்னாரு. பின்வரிசையில மொகுதூம் வாயப் பொத்துறது தெரிஞ்சுது. ஒரு நொடி. கத்திய விழுங்கின மாதிரி ஒரு நொடி. "எங்க வீட்டு மாதா பெட்டியில ஓலை இருக்கு சார்"னுட்டா.

அந்தப் பெட்டியச் சொன்னதுதான் வெனை. வேற எதச் சொல்லியிருந்தாலும் மறுநாளே கொண்டான்னிருப்பாவ. மாதா பெட்டிய எவனும் கேக்கமுடியாது. தேக்குப் பெட்டி, ரெண்டு பக்கமும் பித்தளைக் காது, மாதாவுக்கு வருசா வருசம் உடுத்திக் கழிச்ச பட்டு உள்ள இருக்கும். பதினோரு குடும்பம், வருசத்துக்கு ஒரு வீடுன்னு முறை. ஆகஸ்டு அஞ்சு கொடியேத்தத்தன்னைக்கு மட்டும், கோயில் பின்னறையில கதவச் சாத்திக்கிட்டு, பழைய முறைக்காரி தொறந்து புது முறைக்காரிக்குக் காட்டி ஒப்படைப்பா. ரெண்டு பொம்பளையத் தவிர ஒரு ஈ எறும்பு பாக்காது, பாத்தத வெளிய சொல்லவும் கூடாது, புருசன்கிட்டகூட. இந்த வருசம் கர்டோசா வீட்டு முறை. சாவி அவ அம்மை இஞ்ஞாசியம்மா இடுப்புல. பேப்பர்க்காரன் வந்தான், "நானூறு வருச ஓலையில ஊரின் ஆதிப்பெயர்"னு போட்டான். பெட்டியத் தொறங்கன்னு ரெண்டு பேரு கேட்டாவ, தொறக்க மாட்டோம்னு நம்ம கமிட்டி நின்னுது. தொறக்க மாட்டோம்னு சொல்லச் சொல்ல, உள்ள ஓலை இருக்குங்கிறது ஊருல இன்னும் உறுதியாச்சு, என்ன கோட்டி பிடிச்ச ஊரு இது. அம்மை அப்பமும் ஒண்ணும் கேக்கல. மீன் ஆஞ்சுக்கிட்டே நிமிந்து ஒரு பார்வை பாத்தா, குனிஞ்சுக்கிட்டா. கேட்டிருந்தா டெல்பின் சொல்லியிருப்பா. ஏன் கேக்கல, ஏட்டி எங்க இருந்துட்டி அந்த ஓலைன்னு தொடப்பக்கட்டையத் தூக்கியிருந்தா அன்னைக்கே முடிஞ்சிருக்கும். பொறவு தை மாசம் பஸ் ஸ்டாண்டு போர்டுல தார் அடிச்சானுவ, மறுநாளு அடிச்சதுக்கு மேல இன்னொரு பேரு, அதுக்கு மேல மூணாவது, பொறவு கல்லு. தெருக்கோடி வீட்டு பெனடிக்ட் மாமாவுக்கு மண்டையில ஒம்பது தையலு. தையலு போடுறதுக்கு முந்தின நாளுதான் அதே மாமா ரோட்டுல வள்ளத்தக் குறுக்க போட்டு மறிச்சது, மொகுதூமோட அக்கா, அவன் ராத்தாம்பான், வலியெடுத்து ஆட்டோவுல வந்தவ, வழி விடுங்கன்னு டிரைவரு கையெடுத்துக் கும்பிட்டும் விடல, அங்கனயே ஆட்டோ சீட்டுல பிள்ளை பெத்தா. அந்தப் பிள்ளைக்கு இன்னும் பிறப்புச் சான்றிதழ் வரல, பிறந்த இடம்னு இருக்கிற கட்டத்துல என்ன பேரு எழுதுறதுன்னு முனிசிபாலிட்டி கிளார்க்குக்கு பயம், எத எழுதினாலும் எவனாவது கண்ணாடிய ஒடைப்பான், பேரு முடிவாகட்டும்ங்கிறான். அப்பந்தான் சமாதானக் கமிட்டியில எவனோ சொன்னான், அந்தக் கர்டோசா வீட்டுப் பிள்ளை கண்டுபிடிச்ச பேரு ஒண்ணு இருக்கே, ஒருத்தனுக்கும் சொந்தமில்லாத பேருன்னு. ஒருத்தனுக்கும் சொந்தமில்ல, அதனால எல்லாவனும் சரின்னான். நாலு மாசமா ஒரு கல்லு விழல. பெனடிக்ட் மாமா தர்காத் தெருவுல போய் டீ குடிக்காரு. எல்லாம் ஒரு உப்புப் பாக்கெட்டு மேல நிக்குது. இப்ப அண்ணாச்சி கடைசியா ஒரு கண்டிசன் போட்டுட்டாரு, ஓலைய ஒருக்கா கண்ணால பாத்துட்டா கையெழுத்துன்னு, லூர்து மிராந்தா பெருமையடிச்சுக்கிட்டு, "எங்க மாதாவே சாட்சி, பெட்டிய மேடைக்கே கொண்டாரோம்"னுட்டாரு. முட்டாப்பய. இருபத்தேழாம் நம்பரு ஆராய்ச்சியாளரு விளக்கஞ் சொல்லுவா, முறைக்காரி தொறப்பா, ஆர்.டி.ஓ பாப்பாரு. அம்மை தொறப்பா. இத்தன பேருக்கு முன்னால, குனிஞ்சு, பட்ட ஒவ்வொண்ணா எடுத்து வெளிய வைப்பா. ஒண்ணு ரெண்டு மூணுன்னு எடுத்துக்கிட்டே இருப்பா, அடிப்பலகை தெரியும். அந்த எடத்துல அம்மை மொகம் எப்படி இருக்கும்னு டெல்பின் நெனச்சுப் பாக்க முயற்சி பண்ணுனா, மொகம் வரல, கழுத்துக்கு மேல தெர்மாகோல் மாதிரி உதிந்து உதிந்து போச்சு. அம்மை மேடையோரத்துல மத்த பத்து வீட்டுப் பொம்பளையளோட உக்காந்திருக்கா, முந்தானைய இழுத்துப் போத்திக்கிட்டு, ஒரு கையி இடுப்புச் சாவி மேல. வியர்வைய மட்டும் தொடைச்சுக்கிடுதா.

"டோக்கன் நம்பர் இருபத்தேழு, ஆராய்ச்சி மாணவி டெல்பின் கர்டோசா." மேடைப் படி நாலு. டெல்பின் ஏறுனா. கோயில்ல கல்யாணத்துக்கு முந்தி மூணு ஞாயித்துக்கிழமை பொண்ணு மாப்பிள்ளை பேர வாசிச்சுட்டு, தடை ஏதும் இருந்தா தெரிஞ்சவங்க சொல்லணும்னு சாமியாரு கேப்பாரே, ஒருத்தரும் சொல்லமாட்டாவளே, தெரிஞ்சாலும் சொல்லமாட்டாவளே, அந்த அமைதி மண்டபத்துல. மைக்கு உயரமா இருந்துது, கிளார்க்கு எறக்கிவிட்டான், கீய்ய்னு கத்துச்சு. "பெட்டியத் தொறக்க வேண்டாம்"னா டெல்பின். "உள்ள ஓலை கெடையாது. அந்தப் பேரு நான் உண்டாக்கினது. கேண்டீன்ல உப்புப் பாக்கெட்டப் பாத்துச் சொன்னேன். எங்க அம்மைக்கு இதுல சம்பந்தம் இல்ல, தப்பு என்னோடது." சொல்லி முடிச்சதும் நெஞ்சுக்குள்ள காத்து வந்துது, ஆகா இவ்வளவுதானான்னு இருந்துது, அதுவும் ரெண்டு மூச்சுக்குத்தான். "இவள எவனோ வெலைக்கு வாங்கிட்டான்"னு பின்னால ஒரு குரலு. "எவனோ என்ன, கோயில் கமிட்டிதான், ரெண்டு பேரையும் சேர்த்துப் பாத்தேன் அண்ணாச்சி கடையில"ன்னு லூர்து மிராந்தா எந்திரிச்சாரு. "நான் ஏம்வே வாங்குதேன், நான்தான ஓலையக் காட்டுன்னு நின்னவன், உம்ம ஆளுக்குப் பழைய பேரு மேல ஆசை போகல, அதான் பிள்ளைய ஏவி விட்டிருக்கீரு"ன்னு அண்ணாச்சி. நாக்காலி உருள்ற சத்தம். "ஓலை இருக்கு, பிள்ளை பயந்துட்டு." "நாலு மாசமா அந்தப் பேரச் சொல்லிச்சொல்லி வாயில வந்துட்டு, இப்பப் போய் பொய்யின்னா." ஏல நான்தாம்ல சொல்லுதேன், செஞ்சவளே சொல்லுதேன், பொய்யச் சொன்னப்ப பொத்திக்கிட்டு நம்புனீங்க, உண்மையச் சொன்னா ஆதாரம் கேக்கீங்களால. ஆதாரம். டெல்பினுக்கு சட்டுன்னு ஒரு கெட்ட சந்தோசம் வந்துது. இருக்கு. இருக்கே ஒருத்தன். "மொகுதூம்கிட்ட கேளுங்க"ன்னா மைக்ல. "மொகுதூமுக்குத் தெரியும், அவன் அப்ப எதுத்தாப்புல உக்காந்திருந்தான். எந்திரில. சொல்லு."

மொகுதூம் எந்திரிச்சான். மண்டபம் அடங்குச்சு. அவன் வாப்பா நிமிந்து பாத்தாரு, அவரு பக்கத்துல பர்தா போட்ட ராத்தா, மடியில நாலு மாசத்துப் பிள்ளை, வாயில முஷ்டிய வச்சுக்கிட்டு. அவன் அந்தப் பிள்ளையத்தான் பாத்தான், டெல்பினப் பாக்கல. "தெரியும் சார்"னான். "நான் ஓலையப் பாத்திருக்கேன்." டெல்பினுக்குக் காதுக்குள்ள கடலு. "பேப்பர்ல வந்ததும் சண்ட போட்டேன் சார், பொய்யின்னு. அதனால கோவத்துல ஓலையக் கொண்டாந்து மூஞ்சிக்கு நேர நீட்டுனா. காலேஜுலதான். ஆழித்துறைன்னுதான் எழுதியிருக்கு. மொறைய மீறி எடுத்துட்டோமேன்னு பயந்துக்கிட்டு இப்ப இல்லங்கிறா." தர்காத் தெருக்காரன், அவனுக்கு மாதா பெட்டிக்காகப் பொய் சொல்ல என்ன தலையெழுத்து, மண்டபம் அப்படித்தான் நெனைச்சுது, மூச்சு விட்டுது. பாவி. எத்தன நாளு ஒன்கூட சண்ட போட்டிருப்பேன், ஒருநாளாவது நீ பொய் சொல்லி ஜெயிச்சிருக்கியால. ஆர்.டி.ஓ பேனாவ மூடுனாரு, தொறந்தாரு, அம்மை பக்கம் திரும்புனாரு. "அம்மா, சாவி உங்ககிட்டதான. நீங்க சொல்லுங்க, ஓலை இருக்கா?" டெல்பின் திரும்பிப் பாத்தா. அம்மை மட்டுமில்ல, பத்து வீட்டுப் பொம்பளையளும் அவளத்தான் பாத்துக்கிட்டிருந்தாவ. ஒருத்தி மொகத்துலயும் ஆச்சரியம் இல்ல. அப்பந்தான் அந்தப் படிச்ச மண்டைக்கு ஒறச்சுது. பத்து வருசமா முறை மாறுன பெட்டி. இந்தப் பத்துப் பேருமே அதத் தொறந்தவளுவ. உள்ள பட்டத் தவிர ஒண்ணுங் கெடையாதுன்னு மொத நாளுல இருந்தே பத்துப் பேருக்கும் தெரியும். பாத்தத வெளிய சொல்லக் கூடாது, சொல்லல. அவளுவ வீட்டுல ஒருத்தனுக்கு மண்டையில தையலு, ஒருத்தனுக்கு கையில கட்டு. இஞ்ஞாசியம்மா எந்திரிச்சு முந்தானைய இடுப்புல சொருகுனா. "கொடியேத்தத்தன்னைக்குத்தான் சார் தொறக்கது. இருந்தாலும் ஊருக்காவ, இந்த வருசம் உங்களுக்கும் அண்ணாச்சிக்கும் காட்டுதோம். ஆகஸ்டு அஞ்சு வாங்க. ஓலை இருக்கும்." இருக்கும்னா. இருக்குன்னு சொல்லல. ஆர்.டி.ஓவுக்கும் அது கேட்டிருக்கணும், கொஞ்ச நேரம் அம்மையவே பாத்தாரு, பொறவு கோப்ப இழுத்துக் குனிஞ்சு எழுத ஆரம்பிச்சாரு. அண்ணாச்சியும், "மாதா நாளுக்கு நான் மாலையோட வாரேன்"னுட்டாரு. எவனோ கைதட்டுனான், பொறவு எல்லாவனும்.

பெட்டிய அம்மை ஒரு காதும் டெல்பின் ஒரு காதுமா பிடிச்சுத் தூக்கிக்கிட்டு வெளிய வந்தாவ. உச்சி வெயிலு. வழி நெடுக ஆளுவ பட்டத் தொட்டுக் கண்ணுல ஒத்திக்கிட்டாவ, தர்காத் தெரு முக்குல ஒரு கெழவருகூட தொட்டாரு, மொகுதூமோட ராத்தா பிள்ளையோட ஒதுங்கி நின்னு வழி விட்டா, அவ பின்னால நின்ன மொகுதூமப் பாத்து டெல்பின், "துரோகி"ன்னா பல்லுக்குள்ள. "தோத்துட்ட, டெல்பினு"ன்னான் அவன். சிரிக்கல. பெட்டிக்கு கனமே இல்ல. மீன்வாடி தாண்டி ஆளில்லாத எடம் வந்ததும் அம்மை நேராப் பாத்துக்கிட்டே பேசுனா. "கொடியேத்தத்துக்கு நாப்பத்திரண்டு நாளு கெடக்கு." டெல்பின் நடையக் கூட்டுனா, அம்மை விடல. "பெனடிக்ட் மாமா வீட்டு மச்சுல எழுதாத ஓலை ரெண்டு கட்டு கெடக்கு. கொஞ்சம் செல்லரிச்சது. நல்லதுதான்." "அம்மை, நான் செய்யமாட்டேன்." "அந்தக் காலத்து எழுத்து ஒனக்குத்தான தெரியும்." "செய்யமாட்டேங்கேன். நான் உண்மையச் சொல்லிட்டேன், இனி உங்க பாடு." "ஒனக்குச் சொல்லத்தாம்ட்டி தெரியும், அங்க பாத்தல்லா, கல்லத் தூக்க எத்தன கை தயாரா இருந்துதுன்னு. நேராப் பிடி. சாயுது." நேராப் பிடிச்சா. மாட்டேன்னா மாட்டேன், செத்தாலும் மாட்டேன், கோமதிநாயகமும் நானும் ஒண்ணா, அவரு கொண்டாந்த கேவலத்த, அந்த வட்டத்த, எவனாவது நானூறு வருசத்துக்கு முந்தி ஓலையில அப்படி ஓட்டை போடுவானா, கம்பியக் காய்ச்சித்தான் போட்டிருப்பான், ஓரம் கருகியிருக்கும், நூலு அறுத்து ஓட்டை கொஞ்சம் நீண்டிருக்கும், கீறினதுக்கு மேல மையத் தடவித் துணியால தொடைச்சிருப்பான், முழுக்கப் போயிருக்காது, எடுத்த எடுப்புல ஊருப் பேர எழுதியிருக்க மாட்டான், அத எவன் எழுதுவான், சிப்பிக் கணக்கோ தோணிச் சண்டையோ எழுதுறப்ப போறபோக்குல வந்திருக்கும், ஆழித்துறைக்காரன் இன்னான்னு, மூணாவது ஓலையில, பூச்சி அரிச்ச எடத்துக்குப் பக்கத்துல. சீ. பெட்டிய வீட்டு வாசல்ல எறக்கி வச்சாவ. பெட்டியப் பிடிச்சிருந்த கையத் தூக்கி வெயிலுக்கு நெத்தியில வச்சுக்கிட்டு, பெனடிக்ட் மாமா வீட்டு மச்சு தெரியுதான்னு டெல்பின் தெருக்கோடியப் பாத்தா.